எதிர்காலத்தில் வக்கீல் இல்லை: கணேஷ்–வசந்த் தொடரும் ஜீனோவின் மறுவருகையும்

சுருக்கம்

தமிழில் துப்பறியும் கதைக்கு நூறாண்டைத் தாண்டிய மரபு உண்டு. எதிர்காலக் கதைக்கும் வாசகர் உண்டு. இரண்டும் கலந்த நெடுந்தொடர் மட்டும் ஏன் இங்கே வேர் பிடிக்கவில்லை என்பது இக்கட்டுரையின் கேள்வி. சுஜாதாவின் கணேஷ்–வசந்த் கதைகளையும் ‘என் இனிய இயந்திரா’, ‘மீண்டும் ஜீனோ’ ஆகிய இரு நாவல்களையும் அருகருகே வைத்துப் படித்தால் ஒரு விடை கிடைக்கிறது. தடை அறிவியலிலும் இல்லை, சந்தையிலும் இல்லை. அவர் கற்பனை செய்த எதிர்காலத்தில் வழக்குத் தொடுக்க ஒரு நீதிமன்றம் இல்லை என்பதுதான் தடை.

1. திரும்பி வருகிறவர்களின் காலம்

ஜே.ஆர். ரங்கராஜுவின் துப்பறியும் கோவிந்தன், வடுவூர் துரைசாமி ஐயங்காரின் திகம்பர சாமியார், தேவனின் சாம்பு, தமிழ்வாணனின் சங்கர்லால் என்று கதைக்குக் கதை திரும்பி வரும் துப்பறிவாளர் வரிசை தமிழில் நீளமானது. 1980-களில் மாத நாவல்கள் பெருகியபோது ராஜேஷ்குமாரின் விவேக்–ரூபலா, பட்டுக்கோட்டை பிரபாகரின் பரத்–சுசீலா, சுபாவின் நரேந்திரன்–வைஜயந்தி ஆகியோர் அவ்வரிசையில் சேர்ந்தார்கள்.

இவர்களிடையே கணேஷ்–வசந்த் தனித்து நிற்பதற்குக் காரணம் அவர்கள் தொழில். ‘நைலான் கயிறு’ நாவலில் 1960-களின் இறுதியில் அறிமுகமான கணேஷ், ஒரு வக்கீல். தொடக்கத்தில் அவன் தனியாள். ‘அனிதா இளம் மனைவி’யில் டெல்லியில் இருக்கிறான். வசந்த் பிற்பாடுதான் வந்து சேர்கிறான். அதன்பின் கணேஷ் நிதானத்துக்கும் வசந்த் குறும்புக்கும் என்று வேலை பிரிந்துவிட்டது. வசந்த் எத்தனையோ கதைகளில் சொல்லத் தொடங்கி ஒருபோதும் முடிக்காத அந்த மெக்ஸிகோ சலவைக்காரி ஜோக்கைச் சாதாரண வேடிக்கை என்று விட்டுவிட முடியாது. முடியாத ஜோக் ஒன்று இருக்கும்வரை அடுத்த கதைக்கும் இடம் உண்டு என்று வாசகனுக்கு அது உறுதி தருகிறது.

இந்தத் தொடரின் கடிகாரம் விசித்திரமானது. முப்பதாண்டுகளுக்கு மேல் கதைகள் வந்தும் இருவருக்கும் வயது ஏறவில்லை, கல்யாணமும் ஆகவில்லை. அவர்களைச் சுற்றியுள்ள உலகம் மட்டும் மாறிக்கொண்டே போகிறது. கம்ப்யூட்டர் வருகிறது, கட்சிக்காரர்களின் தொழில்கள் மாறுகின்றன, குற்றத்தின் கருவிகள் புதுப்பிக்கப்படுகின்றன. வாசகன் வாழும் வாரம்தான் கணேஷ் வாழும் வாரமும். வாரப் பத்திரிகை என்ற ஊடகம் இந்த நிரந்தர நிகழ்காலத்தைக் கேட்டது, தொடரும் அதைக் கொடுத்தது.

2. நாளைய உலகில் துப்பறிதல்

எதிர்காலத்தில் துப்பறியும் கதை சாத்தியமா என்பது மேற்கிலும் விவாதிக்கப்பட்ட ஒன்று. பத்திரிகை ஆசிரியர் ஜான் கேம்பெல் அது முடியாது என்று கருதினார். சிக்கல் வரும்போதெல்லாம் துப்பறிவாளன் புதிதாக ஒரு கருவியை எடுத்து நீட்டிவிடலாம், பிறகு வாசகனுக்கு ஊகிக்க என்ன மிச்சம் என்பது அவர் வாதம். ஐசக் அசிமோவ் 1954-இல் நூலாக வந்த ‘தி கேவ்ஸ் ஆஃப் ஸ்டீல்’ மூலம் அதற்கு விடை சொன்னார். எதிர்கால உலகின் விதிகளை முன்கூட்டியே வாசகன் முன் வைத்துவிட்டு, அவ்விதிகளுக்குள்ளேயே கொலையை அவிழ்ப்பது அவர் வழி. எலைஜா பேலி என்ற போலீஸ்காரரும் டேனீல் ஆலிவா என்ற மனித உருவ ரோபோவும் அடுத்தடுத்த நாவல்களிலும் சேர்ந்தே வந்தார்கள்.

இவ்வகையின் மிக நீண்ட உதாரணங்களில் ஒன்று, நோரா ராபர்ட்ஸ் ஜே.டி. ராப் என்ற புனைபெயரில் 1995 முதல் எழுதிவரும் தொடர். நியூயார்க் கொலைப்பிரிவுக் காவல் அதிகாரி ஈவ் டல்லஸ் அதன் நாயகி. முதல் நாவலின் கதைக்காலம் 2058. ஐம்பதுக்கு மேற்பட்ட நாவல்கள் வந்த பின்னும் கதைக்குள் சில ஆண்டுகளே கழிந்திருக்கின்றன. கணேஷைப் போல ஈவ் உறைந்து நிற்கவில்லை. அவள் ரோர்க் என்பவரை மணக்கிறாள், சிறுவயதுக் காயங்களை மெல்ல எதிர்கொள்கிறாள். உதவியாளர் பீபடி பதவி உயர்வு பெறுகிறாள். வாசகர் குற்றவாளியைத் தேடி வருவதைவிட இந்தக் குடும்பத்தைப் பார்க்க வருகிறார்கள் என்றுகூடச் சொல்லலாம்.

அசிமோவுக்கும் ராபுக்கும் பொதுவான ஓர் அடித்தளம் உண்டு. இருவர் எதிர்காலத்திலும் காவல் நிலையம் இருக்கிறது. அதில் ஊழல் இருக்கலாம், அரசியல் அழுத்தம் இருக்கலாம். ஆனாலும் குற்றவாளியைப் பிடித்து ஒப்படைக்க ஓர் இடம் உண்டு. சட்டை மாறுகிறது, வாகனம் பறக்கிறது, அதிகாரியின் சின்னத்துக்கு மட்டும் மதிப்புக் குறையவில்லை. தொடர் தொடர்வதற்கான உத்தரவாதம் அந்தச் சின்னம்தான்.

3. ஒரே ஹோலோகிராம், இரண்டு வேலை

சுஜாதா என்ற எஸ். ரங்கராஜன் (1935–2008) பெங்களூர் பாரத் எலெக்ட்ரானிக்ஸில் பணியாற்றிய பொறியாளர். மின்னணு வாக்குப்பதிவு இயந்திரத்தின் உருவாக்கத்தில் பங்கு கொண்டவர். கருவிகளைப் பற்றி அவருக்குக் கூச்சமும் இல்லை, மிரட்சியும் இல்லை. ஆகவே ஒரே கருவியை அவர் இருவேறு கதைகளில் எப்படிப் பயன்படுத்தினார் என்று பார்ப்பது பயன் தரும்.

‘கொலையுதிர் காலம்’ கணேஷ்–வசந்த் நாவல். சொத்துக்கு உரிமையாளராகப் போகும் லீனா என்ற இளம்பெண், அவள் சித்தப்பா குமாரவியாசன், ஊருக்கு வெளியே ஒரு பழைய வீடு, இரவில் தென்படும் உருவங்கள். பேய் என்று வசந்த் கிட்டத்தட்ட ஒப்புக்கொள்ளும் இடத்தில் கணேஷ் ஹோலோகிராமை விளக்கமாக வைக்கிறான். விளக்கத்துக்குப் பிறகும் சந்தேகம் முழுதும் தீராமல் நாவல் முடிகிறது. ஆயினும் கணேஷின் விளக்கம் யாருக்காகச் சொல்லப்படுகிறது என்பதைக் கவனிக்க வேண்டும். அது சாட்சியச் சட்டத்தின் மொழியில் அமைந்த விளக்கம். பேயைக் கூண்டில் ஏற்ற முடியாது. ஒளிப்படக் கருவியை இயக்கியவனை ஏற்றலாம். அமானுஷ்யமாகத் தெரிவதை வழக்காக மாற்றித் தருவதுதான் இங்கே ஹோலோகிராமின் வேலை.

ஆனந்த விகடனில் தொடராக வந்த ‘என் இனிய இயந்திரா’வில் அதே கருவி நாட்டை ஆள்கிறது. இருபத்தோராம் நூற்றாண்டின் இந்தியா, ஜீவா என்ற தலைவரின் ஆட்சியில் இருக்கிறது. பிள்ளை பெறவும் அரசு அனுமதி வேண்டும். எந்த வயதுவரை வாழலாம் என்பதையும் அரசே தீர்மானிக்கிறது. பெயர்கள் இரண்டெழுத்தைத் தாண்டக் கூடாது. நிலா என்ற பெண்ணின் கணவன் சிபி காணாமல் போகிறான். ரவி என்ற அந்நியன் ஜீனோ என்ற இயந்திர நாயுடன் அவள் வீட்டுக்கு வந்து சேர்கிறான். தேடத் தேட நிலா கண்டடைவது சிபியை விடப் பெரிய மறைவு ஒன்றை. ஜீவாவே ஒரு ஹோலோகிராம்.

கதையின் எலும்புக்கூடு அப்பட்டமான துப்பறியும் கதைதான். ஆள் காணவில்லை, பதிவேடு பொய் சொல்கிறது, ஒரு துப்பு இன்னொரு துப்புக்கு இட்டுச் செல்கிறது. ஆனால் உண்மை தெரிந்த பிறகு நிலா அதை யாரிடம் கொண்டுபோய்க் கொடுப்பாள்? மோசடி செய்தவரே மனு வாங்குகிறவர். கணேஷ் இந்த நாட்டில் ஒரு நாள்கூடத் தொழில் நடத்த முடியாது. பெயரைப் பார்த்தாலே போதும்: கணேஷுக்கு மூன்றெழுத்து, வசந்துக்கு நான்கு. அந்தப் பதிவேட்டில் இருவருக்கும் இடமில்லை.

4. ஜீனோ மட்டும் ஏன் திரும்பி வருகிறது

ஆயினும் ஒருவர் திரும்பி வருகிறார். ‘மீண்டும் ஜீனோ’ என்ற தலைப்பே அதைச் சொல்லிவிடுகிறது. நிலா அரசியாக்கப்பட்டு மற்றவர்களின் பிடியில் பொம்மையாக இருக்க, அவளுக்குத் துணை நிற்பது ஜீனோ. விளையாட்டுப் பொருளாகச் செய்யப்பட்ட அது புத்தகம் படிக்கிறது, கிண்டல் பேசுகிறது, தனக்கு எழுதப்பட்ட நிரலைத் தாண்டிச் சிந்திக்கிறது. வசந்தின் துடுக்கும் கணேஷின் தர்க்கமும் ஓர் உலோக உடலில் ஒன்றுசேர்ந்துவிட்டன.

டேனீல் ஆலிவாவுடன் ஒப்பிட்டால் வேறுபாடு துலங்கும். டேனீல், போலீஸ்காரருக்குக் கூட்டாளி. ஜீனோ, அரசிடம் கணவனைப் பறிகொடுத்த ஒரு பெண்ணுக்குக் கூட்டாளி. அதற்கு அதிகாரம் இல்லை, உரிமம் இல்லை. சட்டப்படி அது ஒரு பொருள். எல்லாக் குடிமக்களையும் கணக்கெடுத்து வைத்திருக்கும் அரசில், குடிமகனாகக் கணக்கில் வராத ஒன்றுதான் தடையின்றி விசாரிக்க முடியும். சுஜாதா தன் எதிர்காலத்துக்கு ஒரு நாயைத் தேர்ந்தெடுத்ததை வாசகரைக் கவரும் உத்தி என்று மட்டும் கொள்ளக் கூடாது. அந்த உலகின் அரசியலை அவர் எவ்வளவு தெளிவாக நினைத்துப் பார்த்திருந்தார் என்பதற்கு அது சான்று.

இங்கே ஒரு மறுப்பு எழலாம். தமிழ்ப் பத்திரிகை ஆசிரியர்கள் விரும்பவில்லை, அதனால் தொடர் வளரவில்லை என்று சொல்லலாம். உண்மை நேர்மாறானது. முதல் நாவல் பெற்ற வரவேற்பில்தான் இரண்டாவது எழுந்தது, தொலைக்காட்சி வடிவமும் வந்தது. வாசகர் மூன்றாவதையும் வாங்கியிருப்பார்கள். சிக்கல் கதையின் உள்ளே இருந்தது. ஆட்சியின் பொய் உடைந்த பின் அடுத்த ஆட்சியின் பொய்யை உடைக்கலாம். அதற்கும் பிறகு நாயகிக்கு மிஞ்சுவது புரட்சி அல்லது விரக்தி. இரண்டும் தொடர்கதைக்கு ஏற்ற வாராந்தர வேலைகள் இல்லை.

5. களமருதூரிலிருந்து படிக்கும்போது

இந்தக் கருத்தைச் சென்னையிலிருந்து பார்ப்பதற்கும் கள்ளக்குறிச்சி மாவட்டத்துக் களமருதூரிலிருந்து பார்ப்பதற்கும் வேறுபாடு உண்டு. அதே மாவட்டத்தின் கல்வராயன் மலையில் ஜாகிர்தாரர்களின் ஆளுகை 1976-இல்தான் சட்டப்படி ஒழிந்தது. அதுவரை மலைமக்களுக்கு ஜாகிர்தாரரே அரசு, அவரே நீதி. ‘என் இனிய இயந்திரா’ விகடனில் வந்தபோது அந்த மலைக்கு இந்தியச் சட்டம் நேரடியாக வந்து சில ஆண்டுகளே ஆகியிருந்தன. ஆள்பவரும் தீர்ப்பு சொல்பவரும் ஒருவரே என்ற ஏற்பாட்டை நகரத்து வாசகர் 21-ஆம் நூற்றாண்டுக் கற்பனையாகப் படித்தார்கள். மலையில் அது நேற்றைய நடப்பு.

அண்மைச் சான்றும் இதே மாவட்டத்தில் உண்டு. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்திலும் சுற்றுப்பகுதியிலும் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து 60-க்கும் மேற்பட்டோர் இறந்தனர். உயிரைப் பறித்த பொருள் எது என்று ஆய்வுக்கூடம் சொல்லிவிட்டது. விற்றவர்கள் கைதானார்கள். சென்னை உயர்நீதிமன்றம் பின்னர் வழக்கை மத்தியப் புலனாய்வுத் துறைக்கு மாற்ற உத்தரவிட்டது. மக்கள் கேட்டது ‘யார்’ என்பதை மட்டும் இல்லை. இத்தனை நாள் இது எப்படி நடக்க விடப்பட்டது என்பதையும் கேட்டார்கள். துப்பறியும் கதை முதல் கேள்விக்குப் பழகிய வடிவம். இரண்டாவது கேள்வியை ஏற்கும்போது அது கணேஷின் அலுவலகத்தை விட்டு ஜீவாவின் நாட்டுக்குள் நுழைந்துவிடுகிறது. விசாரணையை யாரிடம் ஒப்படைப்பது என்பதே அங்கு வழக்காகிவிடுகிறது. இங்கே மக்களுக்கு முறையிட ஓர் உயர்நீதிமன்றமாவது இருந்தது. நிலாவுக்கு அதுவும் இல்லை.

6. முடிவு

எதிர்காலத் துப்பறியும் நெடுந்தொடருக்கு மாறாத இரு மனிதர்களும் மாறிவரும் கருவிகளும் மட்டும் போதா. விசாரணையின் முடிவை ஏற்று நடவடிக்கை எடுக்க ஓர் அமைப்பு வேண்டும். ராபின் 2058-இல் அது இருக்கிறது, ஆகவே அவர் தொடர் முப்பதாண்டு ஓடுகிறது. சுஜாதா நிகழ்காலத்துக்கு அதை உயர்நீதிமன்ற வக்கீல்கள் வழியாகத் தந்தார். எதிர்காலத்துக்குத் தர மறுத்தார். அந்த மறுப்பை இலக்கிய வறுமையாகப் பார்க்க வேண்டியதில்லை. அதிகாரத்தைப் பற்றிய அவரது கணிப்பு அது.

நாளை தமிழில் இத்தகைய தொடர் ஒன்றைத் தொடங்குகிறவர் முதலில் வடிவமைக்க வேண்டியது பறக்கும் காரையோ பேசும் நாயையோ இல்லை. 2060-இல் ஒரு மலைக்கிராமத்துப் பெண் காணாமல் போன தன் கணவனுக்காக எந்தப் படி ஏறி, யாரிடம், எந்தச் சட்டப் பிரிவின் கீழ் மனு கொடுப்பாள் என்பதை அவர் எழுதிக் காட்ட வேண்டும். அந்த மனுவை ஒருவர் வாங்கிப் பதிவு செய்வதை வாசகன் நம்பிவிட்டால், இரண்டாம் கதைக்கும் இருபதாம் கதைக்கும் இடம் உண்டாகிவிடும்.