சில்க் ஸ்மிதா: தொடக்ககாலத் திரைவாழ்வு

சில்க் ஸ்மிதா (2 டிசம்பர் 1960 – 23 செப்டம்பர் 1996) தென்னிந்தியத் திரைப்பட நடிகை. இயற்பெயர் விஜயலட்சுமி. ஆந்திரத்தில் ஏலூரு அருகே ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். நான்காம் வகுப்போடு படிப்பு நின்றது. சிறு வயதில் செய்துவைத்த திருமணம் துன்பத்தில் முடியவே சென்னைக்கு வந்தார்.

இங்கே முதலில் கிடைத்தது டச்சப் வேலை. ஷாட்டுக்கு ஷாட் நடிகையின் முகத்து வியர்வையை ஒற்றியெடுத்து, பவுடர் பூசி, கண்ணாடி பிடித்து நிற்க வேண்டும். பின்னாளில் பேசப்பட்ட கண்வீச்சுக்கு அந்தக் கண்ணாடியைத் தவிர வேறு பள்ளிக்கூடம் அவருக்கு இருக்கவில்லை.

ஆன்டனி ஈஸ்ட்மேன் இயக்கிய ‘இணயெ தேடி’ என்ற மலையாளப் படத்தில் முதலில் நடித்தார். படம் தாமதமாகவே வெளிவந்தது. அதற்குள் வினு சக்ரவர்த்தி கதை எழுதி, கே. விஜயன் இயக்கிய ‘வண்டிச்சக்கரம்’ (1980) வந்துவிட்டது. அதில் சாராயம் விற்கும் பெண்ணாக நடித்தார். பாத்திரத்தின் பெயரான ‘சில்க்’ நடிகைக்கே ஒட்டிக்கொண்டது. ‘ஸ்மிதா’ என்று பெயரிட்டவர் ஈஸ்ட்மேன் என்பாரும் உண்டு. தமிழில் பெயரிட்ட பெருமையை வினு சக்ரவர்த்திக்கே தருவர்.

பாரதிராஜாவின் ‘அலைகள் ஓய்வதில்லை’ (1981) படத்தில் ஆட்டக்காரியாக வராமல், நடிகர் தியாகராஜன் ஏற்ற பாத்திரத்தின் மனைவியாக வந்தார். அவர் நடிப்பை அறிய முதலில் பார்க்க வேண்டிய படம் இதுவே. 1982இல் ‘மூன்றாம் பிறை’, ‘சகலகலா வல்லவன்’ இரண்டும் வந்தபின் பாதை மாறியது. அன்றைய தென்னார்க்காடு மாவட்டத்துக் கள்ளக்குறிச்சி போன்ற சிறு ஊர்களைப் பட வியாபாரத்தில் பி, சி சென்டர் என்பார்கள். அங்கெல்லாம் படம் விலைபோக அவர் ஆடும் ‘சில்க் பாட்டு’ ஒன்று தேவை என்றானது. இதற்கு மாறாக, ஜப்பானில் நிக்காட்சு நிறுவனம் 1971 முதல் ‘ரோமன் போர்னோ’ என்று வயதுவந்தோர் படங்களைத் தனி வகையாகவே தயாரித்தது. அவற்றில் நடித்தவர்கள் கதாநாயகிகள். தமிழில் அப்படியொரு தனி வகை இல்லை. குடும்பப் படத்துக்குள் ஐந்து நிமிடம் ஒதுக்கி, அந்த நிமிடங்களின் பழியை நடிகை தலையில் கட்டினார்கள். இது அநீதி.

மலையாளத்தில் ‘லயனம்’ (1989) வயதுவந்தோர் படமாகப் பெயர்பெற்றது. நடித்தவை 450க்கும் மேல் என்பர். சொந்தப் படத் தயாரிப்பில் நட்டப்பட்டார். 35 வயதில் சென்னையில் இறந்தார். அவர் வாழ்வைத் தழுவிய இந்திப் படம் ‘தி டர்ட்டி பிக்சர்’ 2011இல் வெளிவந்தது.