சுவீடனின் வாசிப்புச் சோதனையும் நாட்டின் செல்வமும்

1686-ஆம் ஆண்டின் சுவீடன் திருச்சபைச் சட்டம், வேலையாட்களும் பணிப்பெண்களும் உட்பட யாவரும் வேதவசனத்தைத் தாமே வாசிக்கக் கற்கவேண்டுமென விதித்தது. பள்ளிகள் அந்நாளில் மிகச் சிலவே. ஆகவே கற்பிக்கும் கடமை குடும்பத்தலைவர்மேல் விழுந்தது. லுத்தரன் போதகர் வீட்டாரைக் கூட்டி, வாசிப்பையும் லுத்தரின் சிறிய ஞானோபதேசத்தையும் சோதித்துப் பதிவேட்டில் குறித்தார். ஞானோபதேசம் அறியாதவருக்குத் திருவிருந்து இல்லை; விவாகமும் இல்லை. இக்கட்டாயத்தை நாம் மெச்சுவதற்கில்லை. ஆயினும் பெண்களும் ஆண்களுக்கு நிகராக வாசித்தனர். எழுதக் கற்பிப்பதை மட்டும் எவரும் அவசியமாகக் கருதவில்லை.

1850 அளவில் வயதுவந்தோரில் ஏறக்குறைய 90 விழுக்காட்டினர் வாசிக்க அறிந்திருந்தும், சுவீடன் ஐரோப்பாவின் ஏழை நாடுகளில் ஒன்றாகவே இருந்தது. 1867-68-இல் பஞ்சம் வந்தபோது பட்டினி கிடந்தவர்கள் வாசிக்கத் தெரிந்த மக்களே. கல்வியின் பயனைப் புகழ்வோர் (நாமும் அவர்களுள் அடக்கம்) இதனைச் சொல்லாமல் விட்டுவிடுகிறோம்.

1827-இல் ஸ்டாக்ஹோமிலும் 1829-இல் கோத்தன்பர்க்கிலும் தொழிற்கல்வி நிலையங்கள் தோன்றியிருந்தன. 1842-ஆம் ஆண்டுச் சட்டம் ஒவ்வொரு சபை வட்டாரத்திலும் பள்ளி அமைக்கப் பணித்தது. எழுத்தும் கணக்கும் ஏழைப் பிள்ளைகளை எட்டின. பின்னர் இருப்புப்பாதையும் வங்கிகளும் அயல்நாட்டு முதலும் வந்து சேர்ந்தபோது, அவற்றைப் பயன்படுத்தத் தக்க மக்கள் அங்கே ஏற்கெனவே இருந்தனர். 1870 முதல் 1914 வரை ஐரோப்பாவில் மிக விரைவாக வளர்ந்த நாடுகளுள் சுவீடனும் ஒன்று. 1876-இல் எரிக்சன் தம் தந்திக்கருவிப் பட்டறையைத் திறந்தபோது, அந்தத் திருச்சபைச் சட்டத்திற்கு வயது 190.