மணமகள் (1951) திரைப்பாடல்கள்

'மணமகள்', நாகர்கோவில் ஒழுகினசேரியில் பிறந்த கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் (1908–1957) தயாரித்து இயக்கிய குடும்பப் படம். 1951 ஆகஸ்ட் 15 அன்று வெளியானது. இசை சி. ஆர். சுப்பராமன், வசனம் மு. கருணாநிதி. நாகர்கோவில் அடங்கிய நாஞ்சில் நாடு அப்போது திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தில் இருந்தது. அத்தொடர்பு படத்திலும் தெரிகிறது: கதைக்கு மூலம் முன்ஷி பரமுப் பிள்ளையின் மலையாள நாடகம். நடித்த லலிதா, பத்மினி இருவரும் திருவிதாங்கூர் சகோதரிகள்.

பாரதி பாடல்

பாரதியார் பாடல்களை இசைத்தட்டிலும் திரையிலும் பயன்படுத்தும் உரிமை முன்பு படத் தயாரிப்பாளர் ஏவி. மெய்யப்பனிடம் இருந்தது. டி. கே. எஸ். சகோதரர்கள் 'பில்ஹணன்' (1948) படத்தில் பாரதி பாடலைச் சேர்த்தபோது வழக்கு மூண்டது. கிருஷ்ணன் நடிப்புப் பழகியது இச்சகோதரர்களின் நாடகக் குழுவில்தான். 1949இல் சென்னை மாகாணத்தின் ஓமந்தூரார் அரசு பாரதி படைப்புகளை நாட்டுடைமையாக்கியது. அதன்பின் வந்த 'மணமகள்' படத்தில் 'சின்னஞ்சிறு கிளியே' தடையின்றி இடம்பெற்றது.

'கண்ணன் பாட்டு' தொகுப்பில் பாரதி இப்பாடலுக்குக் குறித்த ராகம் பைரவி. சுப்பராமன் அதை விட்டு, காபியில் தொடங்கும் ராகமாலிகையாக அமைத்தார். பாடியவர்கள் எம். எல். வசந்தகுமாரியும் வி. என். சுந்தரமும். பின்னர் வசந்தகுமாரி கச்சேரிகளிலும் இதைப் பாடினார். திரைமெட்டு துக்கடாவாக, அதாவது கச்சேரியின் இறுதிப் பகுதியில் பாடும் சிறு உருப்படியாக, மேடையேறியது.

பிற பாடல்கள்

சிம்மேந்திரமத்யமத்தில் தொடங்கும் 'எல்லாம் இன்பமயம்' பாடலை வசந்தகுமாரியும் பி. லீலாவும் பாடினர். இதுவும் ராகமாலிகையே. இயற்றியவர் உடுமலை நாராயணகவி.

தொடர்ச்சி

சுப்பராமன் 1952இல், முப்பது வயதை எட்டுமுன் காலமானார். அவர் குழுவில் இருந்த எம். எஸ். விஸ்வநாதனையும் டி. கே. ராமமூர்த்தியையும் கிருஷ்ணன் அதே ஆண்டு தாம் இயக்கிய 'பணம்' படத்துக்கு இசையமைக்க வைத்தார். விஸ்வநாதன்–ராமமூர்த்தி இரட்டையரின் திரைப்பயணம் இப்படித் தொடங்கியது.

'நீதிக்குத் தண்டனை' (1987) படத்தில் 'சின்னஞ்சிறு கிளியே' மீண்டும் ஒலித்தது. இசை விஸ்வநாதன்; வசனம், 'மணமகள்' போலவே, கருணாநிதி. கே. ஜே. யேசுதாசுடன் பாடிய சுவர்ணலதாவுக்கு அதுவே முதல் திரைப்பாடல்.