ஐயத்தின் வழியே உறுதி: சமாந்தர எடுகோளும் முஸ்லிம் கணித அறிஞர்களும்

இமாம் கஸ்ஸாலி (கி.பி. 1058–1111) ‘அல்-முன்கித் மினழ் ழலால்’ என்னும் தமது நூலில் கணிதவியலைப் பற்றிப் பேசுமிடத்து இரு தீங்குகளைச் சுட்டிக்காட்டி எச்சரிக்கின்றார். கணித நிறுவல்களின் துல்லியத்தைக் கண்டு வியக்கும் ஒருவர், மெய்யியலாளர்களின் ஏனைய கூற்றுக்களும் அதேயளவு உறுதியானவை என நம்பிவிடுவது முதலாவது. மார்க்கத்துக்கு உதவுவதாக எண்ணிக்கொண்டு, நிறுவப்பட்ட கணித உண்மைகளையே மறுத்து, அதனால் மார்க்கத்துக்கே இழுக்குத் தேடித் தரும் அறியா நண்பரின் செயல் இரண்டாவது. கேத்திரகணிதத்தின் உறுதியை இமாமவர்கள் ஐயுறவில்லை. அவ்வுறுதி எதுவரை செல்லும் என்பதே அவர்களது வினாவாக இருந்தது.

அவர்களது சமகாலத்தவரான உமர் கையாம் (1048–1131) கேத்திரகணிதத்தின் உள்ளே நின்றுகொண்டு வேறொரு வினாவை எழுப்பினார். அந்த உறுதி எதன்மீது கட்டப்பட்டுள்ளது என்பதே அது. நவீன பௌதிகவியலையும் மெய்யியலையும் பெரிதும் மாற்றியமைத்த ஒரு நீண்ட விசாரணையில் அவரது வினாவும் ஒரு கண்ணியாகும்.

ஐந்தாவது எடுகோள்

கி.மு. 300 அளவில் அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த யூக்ளிட், தமது ‘மூலகங்கள்’ நூலின் 13 பாகங்களையும் சில வரைவிலக்கணங்கள், பொதுக் கருத்துக்கள், ஐந்து எடுகோள்கள் ஆகியவற்றின் மீது எழுப்பினார். முதல் நான்கு எடுகோள்களும் சுருக்கமானவை, கேட்டவுடன் ஏற்கத்தக்கவை. ஐந்தாவதோ அவ்வாறன்று. இரு நேர்கோடுகளை மூன்றாவது கோடொன்று வெட்டும்போது, ஒரு பக்கத்து உட்கோணங்கள் இரண்டின் கூட்டுத்தொகை இரு செங்கோணங்களிலும் குறைவாயின், அவ்விரு கோடுகளும் நீட்டப்படுமிடத்து அதே பக்கத்தில் சந்திக்கும் என்பது அது. ஓர் அடிப்படை உண்மை என்பதைவிட, நிறுவப்படவேண்டிய தேற்றம் போன்றே அது தோற்றமளிக்கின்றது. யூக்ளிட்டும் முதற் பாகத்தின் 28 தேற்றங்களை அதன் உதவியின்றியே நிறுவி, 29 ஆவதில்தான் அதனை முதன்முறையாகக் கையாளுகின்றார். ஏனைய நான்கிலிருந்து ஐந்தாவதைப் பெறமுடியுமா என்ற கேள்வி கிரேக்கர் காலத்திலேயே தோன்றிவிட்டது.

பக்தாதிலிருந்து மராகா வரை

அப்பாஸியர் ஆட்சியில் ஹஜ்ஜாஜ் இப்னு மதர் இந்நூலை ஹாரூன் அர்-ரஷீதின் காலத்தில் ஒருமுறையும், மஃமூனின் காலத்தில் மறுமுறையும் அரபியாக்கினார். பின்னர் இஸ்ஹாக் இப்னு ஹுனைன் செய்த மொழிபெயர்ப்பை ஸாபித் இப்னு குர்ரா (836–901) செம்மைப்படுத்தினார். செம்மைப்படுத்தியதோடு நில்லாது, ஐந்தாவது எடுகோளை நிறுவும் முயற்சியாக இரு சிறு நூல்களையும் அவர் எழுதினார். மொழிபெயர்ப்பு எவ்வாறு ஆய்வாக வளர்ந்தது என்பதற்கு இது தக்க சான்றாகும்.

பஸராவிற் பிறந்து கெய்ரோவில் பணியாற்றிய இப்னுல் ஹைஸம் (சுமார் 965–1040) இயக்கத்தின் துணையோடு பிரச்சினையை அணுகினார். ஒரு நேர்கோட்டின்மீது செங்குத்தாக நிற்கும் கோட்டுத்துண்டொன்று அவ்வாறே நின்றபடி நகருமாயின், அதன் மேல்முனையும் ஒரு நேர்கோட்டையே வரையும் என்பது அவரது வாதத்தின் அடிப்படை. மூன்று செங்கோணங்களைக் கொண்ட நாற்பக்கலின் நான்காவது கோணம் யாதாக இருக்கும் என்பதையும் அவர் ஆராய்ந்தார்.

கையாம் இம்முறையை ஏற்கவில்லை. கேத்திரகணிதத்தின் அடிப்படையில் இயக்கத்தைப் புகுத்துவது பொருந்தாது என்பது அவரது மறுப்பு. 1077 இல் எழுதிமுடித்த நூலில் அவர் வேறு வழியை மேற்கொண்டார். ஓர் அடிக்கோட்டின் இரு முனைகளிலும் சமநீளமான இரு செங்குத்துக்களை எழுப்பி, அவற்றின் மேல்முனைகளை இணைத்தால் மேலே இரு சமகோணங்கள் உண்டாகும். அவை செங்கோணங்களாகவோ, கூர்ங்கோணங்களாகவோ, விரிகோணங்களாகவோ அமையலாம். இம்மூன்று சாத்தியங்களையும் வகுத்து ஒவ்வொன்றையும் தனித்தனியே சோதித்தமை அவரது சாதனையாகும். கூர்ங்கோணமாயின் மேற்கோடு அடிக்கோட்டைவிட நீளும், விரிகோணமாயின் குறுகும். இவ்விரண்டையும் தள்ளுவதற்கு, ஒருங்கி வரும் இரு கோடுகள் சந்தித்தே தீரும் என்ற கோட்பாட்டை, அரிஸ்டோட்டிலுக்குரியதெனக் கூறி அவர் துணைக்கழைத்தார்.

இப்னுல் ஹைஸமின் அனுமானமும், கையாமின் கோட்பாடும் ஐந்தாவது எடுகோளுக்கே சமமானவை என்பதை இன்று நாம் அறிவோம். நிறுவ வேண்டியதை அவர்கள் வேறு உருவில் முற்கூட்டியே ஏற்றிருந்தனர். எனினும், எங்கே முடிச்சு இருக்கின்றது என்பதை ஒவ்வொருவரும் முன்னவரைவிடத் தெளிவாகக் காட்டிச் சென்றனர். நஸீருத்தீன் அத்-தூஸி (1201–1274) இவர்களது நிறுவல்களைத் தனி நூலொன்றில் குறைநிறை கண்டு விமர்சித்தபின்பே தமது நிறுவலை முன்வைத்தார்.

இங்கு சிந்தனைக்குரிய ஒன்றுண்டு. 1259 இல் தொடங்கப்பெற்ற மராகா வானாய்வு நிலையத்தின் தலைவரான இதே தூஸி, கோளத்தின் மேலமையும் முக்கோணிகள் பற்றியும் பெருநூலொன்றை எழுதியவர். அம்முக்கோணிகளின் கோணங்களது கூட்டுத்தொகை இரு செங்கோணங்களிலும் மிகும். கிப்லாவின் திசையைக் கணிக்க அறிஞர்கள் இக்கணிதத்தையே பயன்படுத்தினர். எனினும் அன்றைய நோக்கில் கோளத்தின் பெருவட்டம் ஒரு வளைகோடு மட்டுமே. அது கோளப்பரப்பின் ‘நேர்கோடு’ எனக் கருதப்படவில்லை. ஆகவே அவ்விரு துறைகளும் ஒரே அறிஞரின் மேசையில் இருந்தும் ஒன்றையொன்று சந்திக்கவில்லை.

ஐரோப்பாவில்

தூஸியின் பெயரால் வழங்கிய அரபு நூலொன்று 1594 இல் ரோமில் அச்சாயிற்று. அவரது மறைவுக்குப் பின் 1298 இல் எழுதப்பட்டதால், அது அவரது வழிவந்தோரின் ஆக்கம் என்பதே ஆய்வாளர் கருத்து. ஒக்ஸ்போர்டில் ஜோன் வாலிஸ் நிகழ்த்திய விரிவுரையில் அந்நிறுவலை எடுத்தாராய்ந்தார். இத்தாலியரான சக்கேரி 1733 இல் வெளியிட்ட நூலில் தூஸியைப் பெயர் குறிப்பிட்டு விமர்சித்தார். சக்கேரி கையாண்ட நாற்பக்கல் கையாமினுடையதே. எனினும் கையாமின் நூலை அவர் கண்டிருந்தார் என்பதற்குச் சான்று கிடையாது.

கூர்ங்கோணச் சாத்தியத்தில் முரண்பாட்டைத் தேடிச் சென்ற சக்கேரி, முரண்பாட்டுக்குப் பதிலாகப் புதிய தேற்றங்களையே பெற்றார். ஈற்றில் அது நேர்கோட்டின் இயல்புக்கு ஒவ்வாதது எனக் கூறி அதனைத் தள்ளினார். அதனைத் தள்ளாது ஏற்று, முழுமையான புதியதொரு கேத்திரகணிதத்தை 1829 இல் கஸானில் லொபச்செவ்ஸ்கியும், 1832 இல் ஹங்கேரியரான யானோஷ் போல்யாயும் வெளியிட்டனர். ஜேர்மனியில் கவுஸ் இதே முடிவை எட்டியிருந்தும் எதிர்ப்புக்கு அஞ்சி வெளியிடவில்லை. யூக்ளிட்டின் கேத்திரகணிதம் முரணற்றதாயின் இதுவும் முரணற்றதே என 1868 இல் பெல்த்ராமி காட்டினார். ஐந்தாவது எடுகோளை ஏனையவற்றிலிருந்து நிறுவ முடியாது என்பது அத்துடன் உறுதியாயிற்று.

பௌதிகவியலில்

கேத்திரகணிதங்கள் பலவாயின், நாம் வாழும் வெளி அவற்றுள் எதற்குரியது? லொபச்செவ்ஸ்கியே நட்சத்திர அவதானிப்புக்களைக் கொண்டு இதனைச் சோதிக்க முயன்றார். 1854 இல் கோட்டிங்கனில் ஆற்றிய உரையில் ரீமான், வெளியின் வளைவு இடத்துக்கிடம் மாறலாம் என்றும், அதனை அனுபவத்தாலேயே அறியவேண்டும் என்றும் வாதித்தார். அவரது கணிதத்தின் மீதே ஐன்ஸ்டைன் 1915 இல் பொதுச் சார்புக் கொள்கையை அமைத்தார். அதன்படி ஈர்ப்பு என்பது வெளி-காலத்தின் வளைவாகும். புதன் கோளின் பாதையில் நூற்றாண்டுக்கு 43 விகலை அளவான, அதுவரை விளக்கப்படாத விலகலை அது விளக்கிற்று. சூரியனை அண்மித்து வரும் ஒளி 1.75 விகலை வளையும் என்ற எதிர்வுகூறலை 1919 மே 29 ஆந் திகதிய சூரிய கிரகண அவதானிப்புக்கள் ஆதரித்தன.

இன்று கையடக்கத் தொலைபேசியில் நமது இருப்பிடத்தை அறிந்து கிப்லாவைப் பார்க்கின்றோம். அதற்குதவும் செய்மதிகளின் கடிகாரங்கள், சார்புக் கொள்கையின் விளைவாக நாளொன்றுக்கு 38 மைக்ரோ செக்கன் விரைந்தோடுகின்றன. அது திருத்தப்படாவிடின் ஒரே நாளில் 10 கிலோமீற்றர் அளவான பிழை நேரும்.

மெய்யியலில்

1781 இல் கான்ட், வெளி என்பது அனுபவத்துக்கு முந்திய, மனித உள்ளத்தின் காட்சி வடிவம் எனவும், அதனாலேயே யூக்ளிட்டின் கேத்திரகணிதம் ஐயத்துக்கு அப்பாற்பட்டது எனவும் நிறுவ முனைந்தார். புதிய கேத்திரகணிதங்கள் இக்கருத்தை உலுக்கின. எதனைத் தெரிவது என்பது வசதி கருதிய உடன்பாடு என 1902 இல் புவான்காரே எழுதினார். கேத்திரகணிதம் உலகைப் பற்றிப் பேசும் அளவுக்கு உறுதி இழக்கின்றது என்றும், உறுதியாக இருக்கும் அளவுக்கு உலகைப் பற்றிப் பேசுவதில்லை என்றும் ஐன்ஸ்டைன் 1921 இல் விளக்கினார். ‘இவ்வெடுகோள்கள் உண்மையாயின் இம்முடிவும் உண்மை’ என்பதே நிறுவல் தரும் உறுதி. எடுகோள்கள் இவ்வுலகுக்குப் பொருந்துமா என்பது வேறு விசாரணை.

நாம் கொள்ள வேண்டியது

யூக்ளிட் சாராத கேத்திரகணிதத்தை முஸ்லிம்களே கண்டுபிடித்தனர் என மேடைகளிற் கூறுவது சரியன்று. இப்னுல் ஹைஸமும் கையாமும் தூஸியும் யூக்ளிட்டை நிலைநாட்டவே முயன்றனர். மறுபுறம், கிரேக்கருக்குப் பின் நேரே ஐரோப்பியரிடம் தாவும் வரலாறும் சரியன்று. மூன்று சாத்தியங்களையும் வரையறுத்து, முன்னோரின் நிறுவல்களைத் தயக்கமின்றிச் சோதித்து, வினாவை நூற்றாண்டுகளாக உயிரோடு வைத்திருந்தோர் அவர்களே. அவர்கள் தமது ஆசான்களை மதித்தனர். ஆயினும் ஆசான் கூறினார் என்பதற்காக எதனையும் நிறுவப்பட்டதாகக் கொள்ளவில்லை.

இமாம் கஸ்ஸாலி சுட்டிய இரு தீங்குகளும் இன்றும் நம்மிடையே உள. அறிவியலின் பெயரால் கூறப்படும் அனைத்தையும் ஆராயாது ஏற்போரும் உளர். நிறுவப்பட்டதையும் மறுப்போரும் உளர். எது நிறுவப்பட்டது, எது எடுகோளாக ஏற்கப்பட்டது எனப் பிரித்தறியும் பயிற்சியே இரண்டுக்கும் மருந்தாகும். சமாந்தரக் கோடுகளைப் பற்றி எழுதிய அவ்வறிஞர்கள் நமக்கு விட்டுச்சென்ற சொத்து அதுவே. நமது மத்ரஸாக்களிலும் பாடசாலைகளிலும் அவர்களது பெயர்கள் பெருமையுடன் கூறப்படுகின்றன. அவர்களது நிறுவல்களும் அங்கு படிக்கப்படுமாயின் அச்சொத்து நமக்கு உரியதாகும்.