கோலார் தங்கவயலில் ஒரு நாள் - குடும்பத்தோடு போகிறவர்களுக்கு



ரோம் நகரத்தில் ஒரே ஒரு நாள் தங்குவதென்றால் நம்ம ஆட்கள் என்ன பாடு படுகிறார்கள்! எந்த டிரெயின், எந்த வாசலில் க்யூ குறைவு, பிள்ளைகளுக்கு எங்கே சாப்பாடு என்று ஒரு மாதத்துக்கு முன்பே எக்ஸெல் ஷீட் தயார். நல்ல பழக்கம்தான். அதே ஆட்கள் லீவில் பெங்களூரில் இறங்கி, மாமனார் வீட்டில் பத்து நாள் டிவி பார்த்துவிட்டுத் திரும்பி வந்துவிடுவார்கள். அங்கிருந்து சுமார் 100 கிலோமீட்டரில் இருக்கிறது கோலார் தங்கவயல். எங்க ஊர். அதற்கும் ஒரு ஷீட் போட்டுத் தருகிறேன், எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஒரு எச்சரிக்கை. பிள்ளைகள் 2018ல் வந்த 'கே.ஜி.எஃப்' படத்தைப் பார்த்திருப்பார்கள். அந்தக் கதைக்கும் ஊர்ச் சரித்திரத்துக்கும் பேர்தான் ஒன்று. நிஜக் கதையில் துப்பாக்கி பிடித்த ஹீரோ கிடையாது. வட ஆற்காடு, சேலம், சித்தூர் பக்கமிருந்து பஞ்சத்துக்கும் பண்ணையார்களுக்கும் தப்பி வந்த ஜனங்கள்தான் ஹீரோ. பெரும்பாலானவர்கள் தலித் மக்கள். இதைப் போகும்போதே சொல்லிவிடுங்கள்.

காலை: ரயிலிலேயே போங்கள். பங்காரப்பேட்டையிலிருந்து பிரியும் கிளைப் பாதை 1894ல் சுரங்கத்துக்காகப் போட்டது. கோரமண்டல், உரிகம், சாம்பியன், கடைசியில் மாரிகுப்பம் என்று ஸ்டேஷன் பெயர்களே சரித்திரம் சொல்லும். நீங்கள் போகும் நேரத்தில் எதிர்த்திசையில் வண்டி பிதுங்கிக்கொண்டு பெங்களூர் போகும். அந்தக் கூட்டத்தைப் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். ஏன் என்று கடைசியில் சொல்கிறேன்.

மாரிகுப்பம், சாம்பியன் பகுதியில் ஷாஃப்ட்களின் இரும்புக் கோபுரங்களை வெளியிலிருந்து பார்க்கலாம். உள்ளே இறங்க முடியாது. சுரங்கம் மூடியபின் கீழே தண்ணீர் நிரம்பிவிட்டது. சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் மேல் ஆழம், உலகின் மிக ஆழமான சுரங்கங்களில் ஒன்றாக இருந்தது. அடியில் பாறையின் சூடு 65 டிகிரிக்கு மேல். பாறை வெடித்துச் சிதறுவதை எங்க ஊரில் 'ஏர் பிளாஸ்ட்' என்பார்கள். அது வந்தால் மேலே வீட்டில் பாத்திரம் ஆடும். ஷிப்டுக்குப் போனவரை நினைத்து வீட்டில் இருப்பவர்கள் உறைந்து நிற்பார்கள். 1965ல் விஞ்ஞானிகள் இதே சுரங்கத்தின் ஆழத்தில்தான் காற்றுமண்டல நியூட்ரினோவைக் கண்டுபிடித்தார்கள் என்பதையும் பிள்ளைகளிடம் சொல்லி வையுங்கள்.

பக்கத்திலேயே தொழிலாளர் லைன் வீடுகள். அளவைக் கண்ணால் பார்த்துக்கொள்ளுங்கள், மதியம் தேவைப்படும். ஒன்றை மறக்க வேண்டாம். அயோத்திதாசரின் சாக்கிய பௌத்த சங்கத்துக்கு இந்த மாரிகுப்பத்தில் கிளை இருந்தது. பகலெல்லாம் இருட்டில் உழைத்தவர்கள் சாயங்காலம் கூடிப் படித்த ஊர் இது. 1930ல் ஒவ்வொருவரின் கைரேகையையும் பதிவு செய்யும் முறை வந்தபோது, "நாங்கள் என்ன குற்றவாளிகளா?" என்று மூன்று வாரம் வேலைநிறுத்தம் செய்த ஊரும் இதுதான்.

மதியம்: ராபர்ட்சன்பேட்டையில் சாப்பாடு. தமிழிலேயே கேட்டு வாங்கிச் சாப்பிடலாம். பிறகு உரிகம் பக்கம் துரைமார் பங்களாக்களும் கிளப்பும். 1880ல் ஜான் டெய்லர் கம்பெனி வந்தபின் இங்கே ஒரு குட்டி இங்கிலாந்தே உருவானது. காலையில் பார்த்த லைன் வீட்டையும் இந்த பங்களாவையும் பிள்ளைகளே ஒப்பிட்டுக்கொள்ளட்டும். 1902ல் சிவசமுத்திரத்திலிருந்து சுமார் 147 கிலோமீட்டர் கம்பி இழுத்து மின்சாரம் முதலில் வந்ததும் இந்தச் சுரங்கத்துக்குத்தான். பெங்களூருக்கு 1905ல்தான் வந்தது.

பிற்பகல்: சைனைடு மேடு. அரைத்த கல்லிலிருந்து தங்கத்தை எடுத்தபின் கொட்டிய மண், மலை மலையாக நிற்கிறது. தூரத்திலிருந்து பாருங்கள், ஏறவேண்டாம். காற்று பலமாக அடிக்கும் நாளில் சின்னப் பிள்ளைகளைப் பக்கத்திலேயே கொண்டுபோக வேண்டாம்.

நேரம் மிச்சமிருந்தால் கம்மசந்திரா கோடிலிங்கேஸ்வரர் கோயில். 108 அடி லிங்கம், பாட்டிமார்களுக்குப் பிடிக்கும்.

இனி கணக்கு. பி.காம். படித்த வங்கிக்காரன் நான், எதையும் வரவு செலவாகப் பார்த்தே பழக்கம். இந்த மண்ணிலிருந்து எடுத்தது சுமார் 800 டன் தங்கம். லாபம் பல ஆண்டுகள் லண்டன் பங்குதாரர்களுக்குப் போனது. 1956ல் மைசூர் அரசு எடுத்துக்கொண்டது, 1962ல் மத்திய அரசு. ஆரம்பத்தில் ஒரு டன் கல்லுக்கு 47 கிராம் வரை கிடைத்த தங்கம் கடைசியில் 3 கிராமுக்கு இறங்கியது. 2001 பிப்ரவரி 28ல் "நஷ்டம்" என்று மூடிவிட்டார்கள்.

அந்த நஷ்டத்தில் ஒரு விஷயம் உண்டு. அரசுக்கு வந்தபின் பல ஆண்டுகள் இந்தத் தங்கம் நம் சந்தை விலைக்கு விற்கப்படவில்லை. அதைவிடக் குறைந்த சர்வதேச விலையில்தான் அரசு எடுத்துக்கொண்டது. விற்கும் விலையை வெளியே இருப்பவர் குறைத்து வைத்துவிட்டு, கடைசியில் பேலன்ஸ் ஷீட்டைக் காட்டி நஷ்டம் என்றால் எப்படி? தாது குறைந்ததும் ஆழத்தில் செலவு கூடியதும் உண்மைதான். ஆனால் நஷ்டம் முழுவதையும் தொழிலாளி தலையில் எழுதுவது நியாயமான கணக்கு இல்லை. சிலிக்கா தூசியில் போன நுரையீரல்களை எந்தப் பக்கத்தில் எழுதினார்கள்?

சாயங்காலம் பங்காரப்பேட்டை ஸ்டேஷனில் கொஞ்ச நேரம் நில்லுங்கள். காலையில் பார்த்த அதே கூட்டம் பெங்களூரிலிருந்து வந்து இறங்கும். தாத்தா இரண்டு மைல் கீழே போனார், பேரன் அறுபது மைல் மேற்கே போகிறான். அவ்வளவுதான் வித்தியாசம். இங்கே துபாயிலும் சிங்கப்பூரிலும் இருக்கும் நாம் இன்னும் கொஞ்சம் தூரம் வந்துவிட்டோம், அவ்வளவுதானே?

போவதென்றால் தள்ளிப் போடாதீர்கள். 13 மேடுகளிலிருந்து மறுபடி தங்கம் எடுக்கும் மத்திய அரசுத் திட்டத்துக்குக் கர்நாடக அமைச்சரவை 2024 ஜூனில் ஒப்புதல் தந்தது. மேடுகள் எத்தனை நாள் இப்படியே நிற்குமோ. கீழே இறங்கி வேலை பார்த்த பெரியவர்களும் வருடத்துக்கு வருடம் குறைந்துகொண்டே வருகிறார்கள். டீக்கடையில் ஒரு பெரியவரைப் பார்த்தால், "ஐயா, நீங்க எந்த ஷாஃப்ட்?" என்று கேளுங்கள். அதற்குமேல் கைடு தேவைப்படாது.