போர்பன் சீர்திருத்தங்களும் ஸ்பானிய அமெரிக்கக் கிளர்ச்சிகளும்

போர்பன் சீர்திருத்தங்கள் என்பவை, 18-ஆம் நூற்றாண்டில் ஸ்பெயினை ஆண்ட போர்பன் மரபு அரசர்கள் தங்கள் அமெரிக்கக் குடியேற்றங்களின் நிர்வாகம், வரி, வணிகம், படை, திருச்சபை ஆகிய துறைகளில் கொண்டுவந்த மாற்றங்களின் தொகுப்பு. மூன்றாம் கார்லோஸ் ஆட்சியில் (1759–1788) இவை உச்சத்தை எட்டின. அரசின் வருவாய் பெருகியது; கூடவே கீட்டோ, மெக்சிகோ, பெரு, புதிய கிரானடா எனப் பல பகுதிகளில் கலகங்களும் மூண்டன. அவற்றுள் மிகப் பெரியவை ஆண்டிஸ் மலைநாட்டில் 1780 முதல் 1783 வரை நீடித்த துப்பாக் அமாரு, துப்பாக் கத்தாரி எழுச்சிகளும், புதிய கிரானடாவில் 1781-இல் நடந்த கொமுனேரோ எழுச்சியும் ஆகும். 1810-இல் தொடங்கிய விடுதலைப் போர்களுக்கு இவை முன்னோடி என்று பாடநூல்கள் கூறுவது பாதி உண்மையே. கிளர்ந்தவர்களில் பெரும்பாலோர் அரசரின் பெயரைச் சொல்லியே எழுந்தனர்; வரியும் அதிகாரிகளின் கொடுமையும்தான் அவர்களை எழவைத்தன.

பின்னணி

1700 வரை ஸ்பெயினை ஆண்ட ஹாப்ஸ்பர்க் அரசர்கள், கடலுக்கு அப்பாலிருந்த பேரரசைப் பேரம் பேசியே கட்டிக்காத்தனர். மத்ரீதிலிருந்து வரும் ஆணை உள்ளூருக்குப் பொருந்தாது என்று தோன்றினால், அதை உரிய மரியாதையுடன் ஏற்றுக்கொண்டு, செயல்படுத்தாமல் நிறுத்திவைத்து, அரசருக்கு விளக்கம் எழுத வைஸ்ராய்க்கு வழி இருந்தது. 17-ஆம் நூற்றாண்டின் இறுதியில் பணமுடை முற்றியபோது, அவுதியென்சியா எனப்பட்ட உயர்மன்றங்களின் பதவிகளையே அரசு விற்கத் தொடங்கியது. அமெரிக்காவில் பிறந்த ஸ்பானிய வம்சாவளியினரான கிரியோல்கள் அவற்றை விலை கொடுத்து வாங்கி, தங்கள் ஊர்களின் நிர்வாகத்தில் வலுவாகக் கால் ஊன்றினர். பழங்குடிக் கிராமங்களோ ஆண்டுதோறும் திறை செலுத்தின. அதற்கு ஈடாகத் தங்கள் பொதுநிலத்தையும், குராக்கா எனப்பட்ட பரம்பரைத் தலைவர்களையும் தக்கவைத்துக்கொண்டன. சுரண்டல் கடுமையாகவே இருந்தது. ஆனாலும் எதுவரை கேட்கலாம், எதுவரை கொடுக்கலாம் என்பதில் எழுதப்படாத ஓர் எல்லை இருந்தது.

1700-இல் வாரிசின்றி இறந்த இரண்டாம் கார்லோஸைத் தொடர்ந்து, பிரெஞ்சு அரசர் பதினான்காம் லூயியின் பேரன் ஐந்தாம் பெலிப்பே அரியணை ஏறினார். பிரான்சைப் போல மையத்திலிருந்து ஆளும் முறை அவருடன் வந்தது. அமெரிக்க வணிகத்தின் தலைமையிடம் 1717-இல் செவில்லாவிலிருந்து காதிஸ் துறைமுகத்துக்கு மாறியது. அதே ஆண்டில் அமைக்கப்பட்டுச் சில ஆண்டுகளில் கலைக்கப்பட்ட புதிய கிரானடா வைஸ்ராய் ஆட்சிப்பகுதி, 1739-இல் நிலைபெற்றது. 1728-இல் தொடங்கப்பட்ட கிபுஸ்கோவா நிறுவனம் வெனிசுவேலாவின் கொக்கோ வணிகத்தைத் தன் பிடியில் கொண்டுவந்தது. அந்த ஏகபோகத்தை எதிர்த்து 1749-இல் ஹுவான் பிரான்சிஸ்கோ தே லியோன் தலைமையில் கொக்கோ விவசாயிகள் ஆயுதங்களுடன் கராகஸுக்குள் நுழைந்தனர். பின்னாளில் பேரரசு முழுவதும் பரவிய எதிர்ப்புக்கு இது முன்னறிவிப்பாக அமைந்தது.

1762-இன் அதிர்ச்சி

சீர்திருத்தத்துக்கு அவசரம் தந்தது ஒரு போர்த்தோல்வி. ஏழாண்டுப் போரின் இறுதிக் கட்டத்தில் பிரான்சின் பக்கம் சேர்ந்த ஸ்பெயின், 1762-இல் ஒரே ஆண்டுக்குள் ஹவானாவையும் மணிலாவையும் பிரிட்டனிடம் இழந்தது. மணிலாவைப் பிடித்த கப்பற்படை புறப்பட்ட இடம் சென்னை. தளபதி வில்லியம் டிரேப்பரின் அப்படையில் கிழக்கிந்தியக் கம்பெனியின் சிப்பாய்களும் இருந்தனர். 1763 உடன்படிக்கையால் இரு நகரங்களும் திரும்பக் கிடைத்தன. ஹவானாவுக்கு விலையாக ஃபுளோரிடாவைக் கொடுக்க வேண்டியதாயிற்று. குடியேற்றங்களைக் காக்க நிலையான படையும் கோட்டைகளும் தேவை, அவற்றுக்கான பணத்தைக் குடியேற்றங்களே தர வேண்டும் என்று மூன்றாம் கார்லோஸின் அமைச்சர்கள் முடிவெடுத்தனர்.

சீர்திருத்தங்களின் உள்ளடக்கம்

இத்திட்டத்தின் முதன்மைச் சிற்பி ஹோசே தே கால்வெஸ். 1765 முதல் 1771 வரை மெக்சிகோவில் அரசரின் தனிப் பார்வையாளராக இருந்த அவர், 1776-இல் இந்தியாஸ் அமைச்சரானார். அமெரிக்கக் குடியேற்றங்கள் முழுவதும் அந்த அமைச்சின் கீழ்தான் இருந்தன. அவருடைய மாதிரியிலேயே பெருவுக்கு ஹோசே அந்தோனியோ தே அரேச்சேயும், புதிய கிரானடாவுக்கு ஹுவான் பிரான்சிஸ்கோ குத்தியேரெஸ் தே பின்யேரெஸும் பார்வையாளர்களாக அனுப்பப்பட்டனர்.

நிர்வாகம்: 1776-இல் புவெனஸ் ஐரெஸைத் தலைநகராகக் கொண்டு ரியோ தே லா பிளாத்தா வைஸ்ராய் ஆட்சிப்பகுதி அமைக்கப்பட்டது. பெருவின் உயிர்நாடியான பொத்தோசி வெள்ளிச்சுரங்கம் அதனுடன் சேர்க்கப்பட்டது. ஸ்பெயினிலிருந்து சம்பளத்துக்கு அனுப்பப்பட்ட இன்டெண்டென்ட் எனும் அதிகாரிகளிடம் மாகாணங்கள் ஒப்படைக்கப்பட்டன. இம்முறை 1764-இல் கியூபாவில் தொடங்கி, 1784-இல் பெருவையும் 1786-இல் மெக்சிகோவையும் எட்டியது. உயர்மன்றப் பதவிகளில் கிரியோல்களின் இடத்தை ஸ்பெயினில் பிறந்த பெனின்சுலார்கள் பிடித்தனர்.

வணிகம்: 1765-இல் கரீபியத் தீவுகளுக்கும், 1778-இல் பெரும்பாலான குடியேற்றங்களுக்கும் காதிஸின் ஏகபோகம் நீக்கப்பட்டு, பேரரசுக்குள் தடையற்ற வணிகம் அனுமதிக்கப்பட்டது. வெனிசுவேலாவும் மெக்சிகோவும் 1789 வரை காத்திருந்தன. புவெனஸ் ஐரெஸ் தோல் வணிகத்தால் செழித்தது. உள்நாட்டு நெசவாளர்களோ மலிவான இறக்குமதித் துணியின் முன் நிற்க முடியாமல் தவித்தனர்.

வரி: மெக்சிகோவில் 1765 முதல் புகையிலை அரசின் ஏகபோகமானது. பெருவில் அல்கபாலா எனும் விற்பனை வரி 2 விழுக்காட்டிலிருந்து 1772-இல் 4 ஆகவும், 1776-இல் 6 ஆகவும் உயர்ந்தது. அதுவரை குத்தகைதாரர்கள் வசூலித்துவந்த வரிகளை, சுங்கச்சாவடி அமைத்து அதிகாரிகளே வசூலிக்கலாயினர்.

திருச்சபை: 1767-இல் இயேசு சபையினர் பேரரசு முழுவதிலிருந்தும் வெளியேற்றப்பட்டனர். அமெரிக்காவிலிருந்து மட்டும் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் கப்பலேற்றப்பட்டனர். அவர்களில் பலர் அங்கேயே பிறந்தவர்கள். கிரியோல் குடும்பங்களின் பிள்ளைகளுக்குக் கல்வி தந்தவர்கள்.

முதல் எதிர்ப்புகள்

கீட்டோவில் 1765-இல், கரும்புச் சாராய ஏகபோகத்தையும் அல்கபாலா வசூலையும் அரசு நேரடியாக ஏற்றபோது, நகரின் எளிய குடியிருப்புகளின் மக்கள் திரண்டு அலுவலகத்தைத் தகர்த்தனர். சில மாதங்கள் நகரமே அவர்கள் கையில் இருந்தது. மெக்சிகோவில் 1767-இல் வரி, படைக்கு ஆள்சேர்ப்பு, இயேசு சபையினர் வெளியேற்றம் மூன்றும் ஒன்றாகச் சேர்ந்து சான் லூயிஸ் பொத்தோசி, குவானஹுவாத்தோ, மிச்சோவாகான் பகுதிகளில் கலவரமாக வெடித்தன. கால்வெஸ் நேரில் சென்று 85 பேரைத் தூக்கிலிட்டார். நூற்றுக்கணக்கானோர் சிறைக்கும் நாடுகடத்தலுக்கும் ஆளாயினர். குடிமக்கள் பிறந்திருப்பது வாய்மூடிக் கீழ்ப்படிவதற்கே, அரசு விவகாரங்களை விவாதிப்பதற்கு அல்ல என்று வைஸ்ராய் தே குரோய் பிரபு அறிவித்தார். ஹாப்ஸ்பர்க் காலத்துப் பேர முறைக்கு முடிவுகட்டிய அறிவிப்பு அது.

துப்பாக் அமாரு எழுச்சி

பெருவின் மலைநாட்டில் இந்தச் சுமைகள் அனைத்தும் ஒரே மக்களின் தோளில் இறங்கின. திறையோடு, மித்தா எனும் கட்டாய முறையின்படி பொத்தோசிச் சுரங்கத்துக்கு முறைவைத்து ஆள் அனுப்ப வேண்டும். கொரெஹிதோர் எனும் மாவட்ட அதிகாரி கோவேறு கழுதைகளையும் துணியையும் வேண்டாதவர் தலையிலும் கட்டி, சந்தை விலையைப் போல் பல மடங்கு வசூலித்தார். ரெபார்த்தோ எனப்பட்ட இந்தக் கட்டாய விற்பனைக்கு 18-ஆம் நூற்றாண்டின் நடுவில் சட்ட ஒப்புதலும் தரப்பட்டது. 1780 சனவரியில் அரேகிப்பா நகரில் புதிய சுங்கச்சாவடி தாக்கப்பட்டது.

ஹோசே காப்ரியேல் கொண்டோர்கான்கி, குஸ்கோவுக்குத் தெற்கே துங்காசூகா முதலிய ஊர்களின் குராக்கா. 1572-இல் ஸ்பானியர் தலை வெட்டிக் கொன்ற கடைசி இன்கா துப்பாக் அமாருவின் வழிவந்தவர் என்பதால் அப்பெயரையே சூடிக்கொண்டவர். கெச்சுவாவும் ஸ்பானிய மொழியும் அறிந்தவர். கோவேறு கழுதைகளில் சரக்கேற்றி குஸ்கோவுக்கும் பொத்தோசிக்கும் இடையே வணிகம் செய்தவர். பொத்தோசி வேறு ஆட்சிப்பகுதிக்குப் போனதும், வழிநெடுகச் சுங்கம் முளைத்ததும் அவருடைய தொழிலையே தாக்கின. தம் ஊர்களை மித்தாவிலிருந்து விடுவிக்கக் கோரி 1777-இல் லிமாவுக்குச் சென்று மனுச் செய்தார், பலன் கிட்டவில்லை.

1780 நவம்பர் 4 அரசரின் பெயர்த் திருநாள். அன்று யனவோகா பாதிரியாரின் வீட்டு விருந்திலிருந்து திரும்பிய கொரெஹிதோர் அந்தோனியோ தே அர்ரியாகாவைத் துப்பாக் அமாரு வழியில் மடக்கிப் பிடித்தார். அவர் கையாலேயே கடிதங்கள் எழுதவைத்துப் பணத்தையும் ஆயுதங்களையும் துங்காசூகாவுக்கு வரவழைத்தார். நவம்பர் 10 அன்று ஊர்ச் சதுக்கத்தில் மக்கள் வரிசையாக நிற்க, அர்ரியாகா தூக்கிலிடப்பட்டார். அல்கபாலா, சுங்கம், மித்தா, ரெபார்த்தோ அனைத்தும் ரத்தாகின்றன என்று மக்களிடம் அறிவித்த துப்பாக் அமாரு, அரசரின் ஆணைப்படியே இதைச் செய்வதாகவும் சொன்னார். நவம்பர் 16 அன்று, தம்முடன் சேரும் அடிமைகளுக்கு விடுதலை அறிவித்தார்.

நவம்பர் 18 அன்று சங்கராராவில் அரசுப்படை நொறுங்கியது. தேவாலயத்துக்குள் தஞ்சம் புகுந்தவர்கள் தீயிலும் சண்டையிலும் மாண்டனர். குஸ்கோ ஆயர் துப்பாக் அமாருவைத் திருச்சபையிலிருந்து விலக்கினார். தொடக்கத்தில் ஆதரவு காட்டிய கிரியோல்கள் இதன்பின் அஞ்சி ஒதுங்கினர். படைக்கு உணவும் ஆளும் திரட்டிய துப்பாக் அமாருவின் மனைவி மிக்கேலா பாஸ்திதாஸ், காலம் தாழ்த்தாமல் குஸ்கோவைத் தாக்குமாறு கணவருக்குக் கடிதம் மேல் கடிதம் எழுதினார். டிசம்பர் இறுதியில்தான் முற்றுகை தொடங்கியது. நகரைக் காக்க லிமாவிலிருந்து உதவிப்படையும் வந்தது. சின்சேரோவின் குராக்கா மத்தேயோ புமகாவா போன்ற இன்கா வழிப் பிரபுக்களும் அரசின் பக்கமே நின்றனர். சனவரியில் முற்றுகை கைவிடப்பட்டது. ஏப்ரல் மாதம் துப்பாக் அமாரு பிடிபட்டார்.

1781 மே 18 அன்று குஸ்கோ பெருஞ்சதுக்கத்தில், மனைவியும் மூத்த மகன் இப்போலித்தோவும் கொல்லப்படுவதை அவர் பார்க்குமாறு செய்தனர். பிறகு அவர் நாக்கை அறுத்து, கைகால்களை நான்கு குதிரைகளில் கட்டி இழுத்தனர். உடல் பிரியாததால் தலையை வெட்டினர். உடற்பகுதிகள் கிளர்ந்த ஊர்களுக்கு அனுப்பப்பட்டன. அரேச்சே எழுதிய தீர்ப்பு இன்கா உடையையும், இன்கா அரசர்களின் படங்களையும், அவர்கள் வரலாற்றைச் சொல்லும் நாடகங்களையும் தடைசெய்தது. கெச்சுவா மொழியை ஒழிக்க வழிவகுத்தது. ஒரு மக்களின் நினைவுமீதே தொடுக்கப்பட்ட தண்டனை அது.

லா பாஸ் முற்றுகை

இன்றைய பொலிவியாவில் எழுச்சி தனி வேர் கொண்டிருந்தது. சயாந்தா வட்டாரத்தின் தோமாஸ் கத்தாரி, கொரெஹிதோருக்கு எதிராக நீதி கேட்டுப் புவெனஸ் ஐரெஸ் வரை நடந்தே சென்றவர். 1781 சனவரியில் கொல்லப்பட்டார். அய்மாரா மக்களின் தலைவராக எழுந்த ஹுலியான் அபாசா, துப்பாக் கத்தாரி என்ற பெயருடன் மார்ச் மாதம் லா பாஸ் நகரை வளைத்தார். முதல் முற்றுகை 109 நாள் நீடித்தது. பசியாலும் நோயாலும் நகருக்குள் ஆயிரக்கணக்கானோர் இறந்தனர். நவம்பரில் கத்தாரியும், 1782 செப்டம்பரில் அவருடைய மனைவி பார்த்தோலினா சிசாவும் கொல்லப்பட்டனர். ஆண்டிஸ் எழுச்சிகளில் மடிந்தோர் ஒரு லட்சம் பேர் வரை இருக்கலாம் என்பது வரலாற்றாசிரியர்களின் மதிப்பீடு.

கொமுனேரோ எழுச்சி

இன்றைய கொலம்பியாவின் சோகோர்ரோ, புகையிலையும் பருத்தி நெசவும் வாழ்வு தந்த ஊர். புகையிலை பயிரிடும் பரப்பை அரசு சுருக்கியது; 1779-இல் பிரிட்டனுடன் மூண்ட போருக்காக வரிகள் கூடின. 1781 மார்ச் 16 அன்று சந்தை நாளில், மனுவேலா பெல்த்ரான் என்ற பெண் புதிய வரி அறிவிப்பைக் கிழித்தெறிந்தார். அதிலிருந்து எழுந்த, கொமுனேரோக்கள் எனப்பட்டோரின் கூட்டம் ஹுவான் பிரான்சிஸ்கோ பெர்பேயோ தலைமையில் ஏறத்தாழ 20,000 பேராகத் திரண்டு, தலைநகர் பொகோட்டாவுக்கு அருகில் சிபாகிராவில் பாளையமிட்டது. பேராயர் அந்தோனியோ கபால்யேரோ இ கோங்கோரா முன்னிலையில் ஜூன் மாதம் உடன்படிக்கை கையெழுத்தானது. வரிக்குறைப்பு, புகையிலை ஏகபோக ஒழிப்பு, பதவிகளில் அமெரிக்காவில் பிறந்தவர்களுக்கு முன்னுரிமை, பழங்குடியினருக்கு நில உரிமை ஆகியவை அதில் இருந்தன. கூட்டம் கலைந்ததும், கார்தஹேனாவில் இருந்த வைஸ்ராய் அதைச் செல்லாது என்றார். மீண்டும் கிளர்ந்த ஹோசே அந்தோனியோ கலான் 1782 பிப்ரவரி 1 அன்று கொல்லப்பட்டார். அதே ஆண்டில் பேராயரே வைஸ்ராய் ஆனார்.

விடுதலைக்கு முந்தைய இருபதாண்டுகள்

கொடுந்தண்டனையோடு சில சலுகைகளும் வந்தன. ரெபார்த்தோ ஒழிக்கப்பட்டது, கொரெஹிதோர்கள் போய் இன்டெண்டென்ட்கள் வந்தனர், துப்பாக் அமாரு கேட்டிருந்த குஸ்கோ உயர்மன்றம் 1787-இல் அமைந்தது. 1791-இல் பிரெஞ்சுக் குடியேற்றமான சான் டொமிங்கில் மூண்ட அடிமைகள் புரட்சி அடிமை உடைமையாளர்களைக் கலங்கடித்தது. 1795-இல் வெனிசுவேலாவின் கோரோவில் ஹோசே லியோனார்தோ சிரினோ தலைமையில் அடிமைகளும் சுதந்திரக் கறுப்பினத்தவரும் அடிமைமுறையையும் அல்கபாலாவையும் ஒழிக்கக் கோரி எழுந்தனர்.

கிரியோல்களின் மனக்கசப்பு எழுத்தில் வெளிப்பட்டது. வெளியேற்றப்பட்ட இயேசு சபையினருள் ஒருவரான பெரு நாட்டு ஹுவான் பாப்லோ விஸ்கார்தோ, அமெரிக்க ஸ்பானியர்களுக்கு எழுதிய கடிதத்தில் விடுதலையை வெளிப்படையாகக் கோரினார். அது 1799-இல் அச்சானது. ஆனால் 1806-இல் பிரான்சிஸ்கோ தே மிராந்தா விடுதலைக்காகப் படையுடன் கோரோவில் இறங்கியபோது அவருடன் சேர ஆளில்லை. இதற்கிடையே, மெக்சிகோவில் அறக்கட்டளைகள் கொடுத்திருந்த கடன்களை உடனே திரும்பப் பெற்றுக் கருவூலத்தில் சேர்க்க 1804-இல் ஆணை வந்தது. நிலவுடைமையாளர்களும் வணிகர்களும் நெருக்கப்பட்டு, ஒரு கோடி பெசோவுக்கு மேல் ஸ்பெயினுக்குப் போனது.

1808-இல் நெப்போலியன் ஸ்பானிய அரசர்களைப் பதவி விலகச் செய்தபோது, அரசரின் பெயரால் நின்ற கட்டுமானம் பற்றுக்கோடு இழந்தது. 1809-இல் சுகிசாகா, லா பாஸ், கீட்டோ நகரங்களிலும், 1810-இல் கராகஸ், புவெனஸ் ஐரெஸ், பொகோட்டாவிலும் ஆட்சிக்குழுக்கள் எழுந்தன. 1781-இல் அரசைக் காத்த புமகாவா, 1814-இல் குஸ்கோ எழுச்சியின் தலைவர்களுள் ஒருவராகி மறு ஆண்டு கொல்லப்பட்டார்.

மதிப்பீடு

சீர்திருத்தங்கள் நிதியளவில் வென்றன, அரசியலளவில் தோற்றன. கேட்டுப் பெற்றுவந்த இணக்கத்தை அரசு ஆணையால் பெற முயன்றது; அதனால் பதவி இழந்த கிரியோலையும் சுமை தாங்காத பழங்குடியினரையும் ஒரே சமயத்தில் பகைத்துக்கொண்டது. ஆயினும் இவ்விரு தரப்பின் குறைகளும் வேறுவேறானவை. 1780-களின் எழுச்சிகள் அந்தப் பிளவில்தான் உடைந்தன. பெருவின் கிரியோல்கள் விடுதலைக்குத் தயங்கியதற்கும் துப்பாக் அமாரு காலத்து அச்சமே பெருங்காரணம். 1824 டிசம்பர் 9 அன்று அயகூச்சோவில் ஸ்பெயினின் படை தோற்றபோது கிரியோல்களின் குறை தீர்ந்தது. பழங்குடியினரின் திறையை 1821-இல் ஒழித்த பெரு, 1826-இல் வேறு பெயரில் அதை மீண்டும் விதித்தது. அவ்வரி நீங்கியது 1854-இல்தான்.