பெரியாச்சியைப் பார்த்து ஏன் பயப்படணும்? தேக்காவிலிருந்து ஒரு வரலாற்று நடை



 இந்தப் பதிவு கொஞ்சம் நீளம்தான். நேரம் கிடைக்கும்போது பொறுமையாகப் படிங்க, வீட்டில் இருக்கும் பிள்ளைகளுக்கும் படித்துக் காட்டுங்க.

வாரக் கடைசியில் தேக்கா பக்கம் வருகிறவர்களுக்கு இந்தக் காட்சி புதுசு இல்லை. வழிகாட்டி ஒருவர் குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு முன்னால் போவார். பின்னால் பத்து இருபது வெளிநாட்டுக்காரங்க. பூமாலைக் கடை, மசாலாக் கடை, நகைக் கடை எல்லாம் பார்த்துவிட்டு, சிராங்கூன் சாலை ஸ்ரீ வீரமாகாளியம்மன் கோயிலுக்குள் வருவார்கள். பெரியாச்சி சந்நிதிக்கு வந்ததும் கூட்டம் அப்படியே நின்றுவிடும். அம்மாவின் காலடியில் ஒரு ஆண், மடியில் வயிறு கிழிந்த ஒரு பெண், கையில் உயரத் தூக்கிப் பிடித்த பச்சைக் குழந்தை. சிலருக்கு முகமே மாறிவிடும். "இது ரத்தம் குடிக்கிற தெய்வம்" என்று ஒரு வழிகாட்டி ஒரே வரியில் சொல்லிவிட்டு நகர்ந்துபோனதை நாங்களே காதால் கேட்டிருக்கிறோம்.

அவரை மட்டும் சொல்லி என்ன பயன்? பக்கத்தில் நின்ற நம்ம பிள்ளைகளைக் கேட்டோம். "தெரியலை அங்கிள், பயமா இருக்கு" என்றார்கள். எங்களுக்கு அதுதான் ரொம்ப உறுத்தியது.

நம்ம தெய்வத்தின் கதையை நாம் சொல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு வெளியூர் உதாரணம் ஒன்று இருக்கிறது. அமெரிக்காவில் நியூ ஆர்லியன்ஸ் என்ற ஊர். அங்கே 'வூடூ நடை' என்று சுற்றுலாப் பயணிகளைத் தெருத்தெருவாகக் கூட்டிப் போகிறார்கள். வூடூ என்றதும் நமக்கு என்ன ஞாபகம் வருது? ஊசி குத்திய பொம்மை, பில்லி சூனியம். சினிமா சொல்லிக்கொடுத்தது அவ்வளவுதான். உண்மையில் அது மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்ட மக்களின் பக்தி. முன்னோர் வழிபாடு, காவல் தெய்வங்கள், மேளம், ஆட்டம், அருள் வருவது, மூலிகை வைத்தியம் எல்லாம் அதில் உண்டு. முதலாளிகள் அதை வெளிப்படையாகக் கும்பிட விடவில்லை. அதனால் கத்தோலிக்கப் புனிதர்களின் படத்துக்குப் பின்னால் தங்கள் தெய்வத்தை வைத்துக் காப்பாற்றினார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் காங்கோ சதுக்கம் என்ற திடலில் கூடி மேளம் அடித்து ஆடினார்கள்.

அந்த ஊரில் மேரி லாவோ என்ற அம்மையார் வாழ்ந்தார். மஞ்சள் காய்ச்சல் நோயாளிகளையும் சிறைக் கைதிகளையும் கவனித்துக்கொண்டவர் என்று அவரைப் பற்றிச் சொல்லுவாங்க. ஆனால் வெளியுலகத்துக்கு அவர் 'வூடூ ராணி', மந்திரக்காரி. அவருடைய கல்லறை என்று சொல்லப்படும் இடத்தில் வருகிறவர்கள் எல்லாம் எக்ஸ் எக்ஸ் எக்ஸ் என்று கிறுக்கி வைத்தார்கள். 2013-ல் யாரோ அதன் மேல் இளஞ்சிவப்புச் சாயத்தையே பூசிவிட்டார்கள். 2015 முதல், உரிமம் பெற்ற வழிகாட்டியோடு வந்தால்தான் பொதுமக்களை அந்த மயானத்துக்குள் விடுகிறார்கள். அதே நம்பிக்கையின் தாய்நாடான பெனினில் 1990-களில் ஜனவரி 10 அதற்கென்றே பொது விடுமுறை ஆனது. ஹைட்டி நாடு 2003-ல் அதைச் சட்டப்படி ஒரு சமயமாகவே ஏற்றுக்கொண்டது. சொந்தக்காரர்கள் பேசிய இடத்தில் அது சமயம். அடுத்தவர் வாய்க்குப் போன இடத்தில் அது பேய்க்கதை.

மேரி லாவோ இறந்தது 1881-ல். நம்ம வீரமாகாளியம்மன் கோயில் எழுந்ததும் 1881-ல்தான். இரண்டுக்கும் சம்பந்தம் எதுவும் கிடையாது. ஆனால் கடல் கடந்து, சொந்த ஊரை விட்டு வந்த உழைப்பாளி மக்கள் பயத்தில் பற்றிக்கொண்ட கை தெய்வத்தின் கை என்பது இரண்டு ஊருக்கும் பொது. அந்தக் கண்ணோடு நம்ம ஊரிலும் ஒரு நடை போகலாம், வாங்க.

சிராங்கூன் சாலையின் மேல்பக்கம், ஸ்ரீ வடபத்திர காளியம்மன் கோயிலில் தொடங்குவோம். 1830-ல் பக்தியுள்ள ஒரு பெண்மணி ஆலமரத்தடியில் அம்மன் படத்தை வைத்துக் கும்பிட்டதுதான் இதன் ஆரம்பம் என்பது கோயில் வரலாறு. ராஜா கட்டவில்லை, ஜமீன்தார் கட்டவில்லை. ஒரு பெண், ஒரு மரம், ஒரு படம், அவ்வளவுதான்.

கீழே இறங்கி நடந்தால் ஸ்ரீ சீனிவாசப் பெருமாள் கோயில். 1851-ல் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் 26 ரூபாய் 8 அணாவுக்கு இந்த நிலத்தை வாங்கினார்கள் நம்ம பெரியவங்க. 1855-ல் கோயில் வந்தது. தைப்பூசக் காவடியும் தீமிதி ஊர்வலமும் இங்கிருந்துதான் புறப்படும்.

அடுத்து வீரமாகாளியம்மன் கோயில். இந்த வட்டாரத்தை அந்தக் காலத்தில் சுண்ணாம்புக் கம்பம் என்பார்கள். சுண்ணாம்புக் காளவாய்கள் இருந்த இடம். சுண்ணாம்பு என்றால் லேசாக நினைக்காதீங்க. இந்தியாவிலிருந்து கைதிகளாகக் கொண்டுவரப்பட்டவர்கள் 1825 முதல் 1873 வரை இந்த ஊரின் ரோடுகளையும் கட்டடங்களையும் உருவாக்கினார்கள். செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயமும் அவர்கள் கட்டியதுதான். சுண்ணாம்போடு முட்டை வெள்ளைக்கரு, சர்க்கரை, தேங்காய் மட்டை ஊறிய தண்ணீர் சேர்த்துக் குழைத்த பூச்சு அதன் சுவரில் இருக்கிறது. பக்கத்துத் தெருக்களைப் பாருங்க: பஃபலோ ரோடு, கெர்பாவ் ரோடு. இரண்டுக்கும் எருமை என்றுதான் அர்த்தம். மாட்டுத் தொழுவமும் காளவாயும் நிறைந்த இடத்தில் நாள் முழுக்க உழைத்தவர்களுக்கு கைகளில் ஆயுதம் ஏந்தி நிற்கும் அம்மாதான் தைரியம் கொடுத்தாள். ஜப்பான்காரன் குண்டு போட்டபோது ஜனங்கள் ஓடி வந்து ஒளிந்ததும் இந்தக் கோயிலுக்குள்தான். கோயில் சேதமில்லாமல் தப்பியது.

இப்போ பெரியாச்சி சந்நிதிக்கு வருவோம். நம்ம பாட்டிமார் சொன்ன கதை இது. பாண்டிய நாட்டில் வல்லாளன் என்று ஒரு கொடுங்கோல் ராஜா. அவனுக்குப் பிறக்கப்போகும் குழந்தையின் உடம்பு மண்ணில் பட்டால் அவனும் அவன் நாடும் அழியும் என்று ஒரு சாபம். பிரசவம் பார்க்க யாரும் வரவில்லை. பெரியாச்சி என்ற மருத்துவச்சி வந்தாள். பிறந்த பிள்ளையை மண்ணில் படாமல் கையில் உயரத் தூக்கிப் பிடித்தாள். வேலை முடிந்ததும் ராஜா பேசிய கூலியைக் கொடுக்காமல் அவளை அவமதித்தான். அப்போதுதான் அவள் உக்கிர ரூபம் எடுத்தாள். ராஜா காலடியில், ராணி மடியில். ஆனால் பிள்ளை? மேலேயே இருக்கிறது, பத்திரமாக. அவள் பிள்ளையைத் தின்கிறவள் இல்லை. எத்தனை கோபத்திலும் பிள்ளையைக் கீழே விடாதவள்.

இதை இன்னும் கொஞ்சம் யோசித்துப் பாருங்க. கோயிலுக்கு நடக்கிற தூரத்தில்தான் கண்டாங் கெர்பாவ் மருத்துவமனை இருந்தது. அந்த மலாய்ப் பெயருக்கே எருமைத் தொழுவம் என்றுதான் அர்த்தம். அது இலவசப் பிரசவ மருத்துவமனையானது 1924-ல். அதற்கு முன்னால் கூலி லைன்களிலும் கம்பங்களிலும் இருந்த நம்ம கொள்ளுப்பாட்டிகளுக்கு டாக்டர் ஏது, வார்டு ஏது? தாயும் பிள்ளையும் பிழைப்பது மருத்துவச்சியின் கையில் இருந்தது. அந்தக் கையைத்தான் நாம் தெய்வமாகக் கும்பிடுகிறோம். 1966-ல் அதே மருத்துவமனையில் 39,835 குழந்தைகள் பிறந்து கின்னஸ் சாதனை ஆனது. அப்படிப் பிறந்த பிள்ளைகளில் எத்தனையோ பேரை முப்பத்தொன்றாம் நாள் தாய்மார்கள் தூக்கிவந்து பெரியாச்சி முன்னால் காட்டியிருப்பார்கள். இன்றைக்கும் காட்டுகிறார்கள்.

அங்கிருந்து வாட்டர்லூ ஸ்ட்ரீட். 1870-ல் தோன்றிய ஸ்ரீ கிருஷ்ணன் கோயிலும் 1884-ல் வந்த குவான் யின் கோயிலும் பக்கத்துப் பக்கத்தில். அங்கே கும்பிட்ட சீனர்கள் இங்கே வந்து கிருஷ்ணருக்கும் ஊதுபத்தி ஏற்றிவிட்டுப் போவார்கள். யாரும் யாரையும் தடுத்தது கிடையாது.

பிறகு சவுத் பிரிட்ஜ் ரோடு ஸ்ரீ மாரியம்மன் கோயில். 1819-ல் ராஃபிள்ஸோடு பினாங்கிலிருந்து வந்த நாராயண பிள்ளை, 1827-ல் மரத்தாலும் அத்தாப்பாலும் எழுப்பிய கோயில். அவர் வைத்த சின்ன அம்மன் இன்றும் அங்கே இருக்கிறாள். அம்மை நோய் உயிரைக் குடித்த காலம் அது. பெரியம்மையை உலக சுகாதார நிறுவனம் ஒழிந்ததாக அறிவித்ததே 1980-ல்தான். மருந்து இல்லாத காலத்தில் கைக்குக் கிடைத்தது வேப்பிலையும் அம்மாவின் பெயரும். கப்பலிலிருந்து இறங்கி, வேலை கிடைக்கும்வரை தங்க இடமில்லாதவர்களுக்கும் இந்தக் கோயில்தான் அடைக்கலம். 1840-களிலிருந்து இங்கே தீமிதி நடக்கிறது. பெருமாள் கோயிலிலிருந்து நாலு கிலோமீட்டர் நடந்து வந்து பூக்குழி இறங்குகிறார்கள், கடைசியில் பால்குழியில் கால் நனைக்கிறார்கள். வெளியாட்களுக்கு நெருப்பு மட்டும்தான் கண்ணில் படும். அதற்கு முந்தைய விரதமும், பல வாரங்களாக நடக்கும் பாரதக் கதைச் சடங்குகளும், திரௌபதி அம்மனிடம் வைத்த வேண்டுதலும் படத்தில் விழாது.

இன்னும் பத்து நிமிடம் நடந்தால் தெலுக் ஆயர் ஸ்ட்ரீட்டில் நாகூர் தர்கா. 1828-க்கும் 1830-க்கும் இடையில் நம்ம சோழமண்டலக் கரையிலிருந்து வந்த சூலியா முஸ்லிம்கள், நாகூர் ஆண்டவர் நினைவாகக் கட்டியது. கடலில் காப்பாற்றுகிறவர் என்ற நம்பிக்கை. அன்றைக்குக் கடற்கரை அந்தத் தெரு வரைக்கும் இருந்தது. கரையில் கால் வைத்ததும் முதலில் நன்றி சொன்ன இடம்.

நடை தூரத்தில் இல்லாவிட்டாலும் ஒன்றைச் சொல்லாமல் விட முடியாது. குவீன்ஸ்டவுன் ரயில் பாதை ஓரத்தில் 1932-ல் ரயில்வே தொழிலாளிகள் முனியாண்டிக்கு வைத்த சின்ன இடம்தான் இன்றைய ஸ்ரீ முனீஸ்வரன் கோயில். ராத்திரியில் தண்டவாளத்தில் வேலை பார்த்தவனுக்கு அரிவாளோடு காவல் நிற்கும் சாமி தேவைப்பட்டது.

மொத்தமாகப் பார்த்தால் ஒன்று புரியும். ஒவ்வொரு காவல் தெய்வத்துக்குப் பின்னாலும் உண்மையான ஒரு ஆபத்து இருக்கிறது: பிரசவம், அம்மை, கடல், காளவாய், தண்டவாளம், குண்டு. நம்ம முன்னோர் எழுதிவைத்த வரலாறு குறைவு. அவர்கள் எதற்குப் பயந்தார்கள், எதைக் காப்பாற்ற நினைத்தார்கள் என்பதை இந்தச் சிலைகள்தான் நமக்குச் சொல்லுது. "பயங்கர சாமி" என்று சொல்லிக் கடந்துபோனால் அவர்கள் பட்ட பாடும் சேர்ந்தே அழிந்துவிடும்.

சுற்றுலாக் குழுக்கள் வரக்கூடாது என்று நாங்கள் சொல்லவே இல்லை. தாராளமாக வரட்டும். செருப்பைக் கழற்றி, பூஜை நேரத்தில் பாதையை மறிக்காமல், கேட்டுப் படம் எடுத்தால் போதும். நாம் செய்ய வேண்டியது வேறு. அடுத்த முறை யாராவது பெரியாச்சி முன்னால் திகைத்து நின்றால் முறைக்காதீங்க. பக்கத்தில் போய், "இவங்க ஒரு மருத்துவச்சி. அந்தக் குழந்தையைக் காப்பாத்தறாங்க" என்று இரண்டே வரி சொல்லுங்க. இங்கிலீஷோ மலாயோ மாண்டரினோ, தெரிந்த மொழியில் சொல்லுங்க.

அப்புறம் ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டுப் பாட்டி, தாத்தா, பெரியம்மா யாருக்காவது அந்தக் காலத்துப் பிரசவம், அம்மை போட்ட வீடு, கம்பத்துச் சின்னக் கோயில், லைன் வீட்டு முனியாண்டி பற்றி ஞாபகம் இருந்தால் இப்போதே உட்கார்ந்து கேளுங்க. கைப்பேசியில் பதிவு செய்து வைங்க. கீழே கருத்துப் பகுதியில் நாலு வரி எழுதினாலும் சரி. வருகிறவர்களுக்கு நாங்கள் கோயிலைச் சுற்றிக் காட்டும்போது உங்கள் வீட்டுக் கதையையும் சேர்த்துச் சொல்லுவோம்.

அம்மன் அருள் எல்லாருக்கும் கிடைக்கட்டும். ஓம் சக்தி!